ஆட்சேபணை உள்ளவர்கள் எழுதலாம்

அதிகாரி மேஜை இழுப்பறையிலிருந்து ஒரு கோப்பை எடுத்து என் முன்னால் பொத்தென்று போட்டார். நல்ல கொழுத்த கோப்பு. கயிற்றைப் போட்டு இறுக்கியும் அடங்காமல் ஓரமெல்லாம் காகிதம் பிதுங்கியது.

"இது என்ன சார்?" என்று இந்தியில் கேட்டேன்.

"உங்கள் பேரில் வந்திருக்கும் ஆட்சேபணைகள்" என்றார். "குடியுரிமை கேட்டு மனுப் போட்ட பாக்கியம் நீங்கள்தானே? பேப்பரில் அறிவிப்புக் கொடுத்தீர்கள் இல்லையா, அதற்கு வந்தவை. என் சர்வீஸில் ஒரே ஒருவருக்கு ஒரு கடிதம் வந்து பார்த்திருக்கிறேன். அதுவும் வாடகைத் தகராறு. உங்களுக்கு ஒரு மூட்டையே வந்திருக்கிறது. அப்படி என்னம்மா செய்தீர்கள்?"

என் கை தானாகக் கயிற்றின் முடிச்சுக்குப் போனது. அவர் கோப்பைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். விசாரணை முடியும்வரை காட்டக்கூடாதாம்.

"என்ன எழுதியிருக்கிறார்கள் என்றாவது சொல்லுங்கள்."

"எனக்கு எப்படித் தெரியும்? எல்லாம் உங்கள் தமிழில் இருக்கிறது."

அதுதான் என்னைச் சாய்த்தது. முன்பின் தெரியாதவன் எழுதியிருந்தால் வரிந்து கட்டிக்கொண்டு சண்டைக்குப் போயிருப்பேன். தமிழில் என்றால் வேறு யார்? செகந்திராபாத்தில் எங்கள் மெட்டுகுடா சந்துத் தமிழர்கள்தான். கோந்து வாசனையும் பழங்காகித வாசனையும் கலந்த அந்த அறை இன்றைக்கும் என் மூக்கில் இருக்கிறது. எந்த அலுவலகம் என்று மட்டும் கேட்காதீர்கள். அந்த மனிதர் நல்லவர், விதிப்படிதான் நடந்தார்.

எல்லோரும் அந்தப் பக்கம், நான் மட்டும் இந்தப் பக்கம்

இந்தத் தொடருக்கு இன்று புதிதாக வந்தவர்களுக்காகச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். நான் பினாங்கில் பிறந்தவள். செகந்திராபாத்தில் ரயில்வே வேலையில் இருந்தவரைக் கட்டிக்கொண்டு, ஒரு டிரங்குப் பெட்டியோடும் சிவப்பு மலேசியக் கடவுச்சீட்டோடும் மெட்டுகுடாவுக்கு வந்தேன். மகள் ரேவதி இங்கேதான் பிறந்தாள். அவள் இந்தியப் பிரஜை, அவள் அப்பா இந்தியப் பிரஜை. வீட்டில் நான் ஒருத்திதான் வெளிநாடு.

அவர் இருந்தவரைக்கும் அது ஒரு வேடிக்கையாகவே இருந்தது. வருடா வருடம் வெளிநாட்டவர் பதிவு அலுவலகத்துக்குப் போவோம், முத்திரை வாங்குவோம், வரும் வழியில் ஆனியன் சமோசா தின்போம். பிறகு அவர் ஒரு காலையில் பல் விளக்கிக்கொண்டிருந்தவர் அப்படியே உட்கார்ந்தார், எழவே இல்லை. அதைப் போன வாரங்களில் எழுதிவிட்டேன். திரும்ப எழுத எனக்குத் தெம்பில்லை.

அடுத்த முறை முத்திரைக்குப் போனபோது, "கணவர் இருந்தார், மனைவி என்று விசா கொடுத்தோம். இனி எந்த அடிப்படையில் கொடுப்பது?" என்று கேட்டார்கள். இந்த ஒரு தடவை நீட்டித்துத் தருகிறோம், அதற்குள் குடியுரிமைக்கு வழி பாருங்கள், அடுத்த தடவை எங்கள் கையில் இல்லை என்றார்கள். பினாங்கில் எனக்கு யார் இருக்கிறார்கள்? அம்மா அப்பா போய்ச் சேர்ந்துவிட்டார்கள். வீட்டை விற்றாகிவிட்டது. இங்கே ரேவதி எஞ்சினியரிங் படித்துக்கொண்டிருந்தாள். அவளைத் தனியாக விட்டுவிட்டு, எனக்கென்று ஒரு நாற்காலிகூட இல்லாத ஊருக்கு நான் விமானம் ஏற வேண்டும்.

அது எந்தக் காலம் தெரியுமா? ஹைதராபாத்தே கிளம்பிப் போய்க்கொண்டிருந்த காலம். அமீர்பேட்டையில் நடக்க இடமிருக்காது. ஒவ்வொரு மாடியிலும் கம்ப்யூட்டர் வகுப்பு, ஒவ்வொரு பையிலும் அமெரிக்கக் கனவு. மனுவுக்குப் படம் எடுக்க ஒரு ஸ்டுடியோவுக்குப் போனேன். கடைக்காரர் என்னைக் கேட்காமலே வெள்ளைத் திரையை இழுத்துவிட்டு, "அமெரிக்கா சைஸ்தானே அம்மா? காதைக் காட்டுங்கள்" என்றார்.

"இல்லைப்பா. இந்தியா சைஸ்."

"இந்தியாவுக்கு எதற்கம்மா விசா?"

"விசா இல்லை. நான் இந்தியப் பிரஜை ஆகப் போகிறேன்."

அந்த மனிதர் கேமராவிலிருந்து தலையைத் தூக்கி என்னை ஏற இறங்கப் பார்த்தார். புத்தி சரியில்லாதவள் என்று நினைத்திருப்பார். எனக்கோ தலைகால் புரியாத பெருமை. வாயை இறுக்கிக்கொண்டு, அந்தக் காலத்து ராணி மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டேன்.

கேட்காத கேள்விக்குப் படித்த படிப்பு

என்னென்ன வேண்டும் என்று ஒரு வக்கீல் சொன்னார். சட்டம் சொல்லும் அளவுக்கு இங்கே வசித்திருக்க வேண்டும்; அதற்கு மேலேயே வசித்துவிட்டேன். குற்றவழக்கு இருக்கக்கூடாது. நல்ல நடத்தைக்காரி என்று இந்தியர் இருவர் கையெழுத்துப் போட வேண்டும். போலீஸ் வீடு தேடி வந்து விசாரிக்கும். நம் அரசியல் சட்டம் ஏற்றுக்கொண்ட மொழிகளில் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். எல்லாம் முடிந்து சரியென்று சொன்னால், பழைய நாட்டை விட்டுவிட்டு உறுதிமொழி எடுக்க வேண்டும்.

பரீட்சை ஏதும் கிடையாது. ஆனால் யார் நம்பினார்கள்? நான் நம்பவில்லை. இரண்டு மாதம் படித்தேன். தையல் மிஷினில் காலை வைத்து, சந்துப் பெண்களுக்கு ஜாக்கெட் தைத்துக்கொண்டே மாநிலம், தலைநகரம் எல்லாம் ஒப்பித்தேன். ரேவதி கட்டிலில் படுத்துக்கொண்டு கேள்வி கேட்பாள். தமிழ் அவளுக்கு நன்றாகப் புரியும், பதில்தான் இந்தியிலோ இங்கிலீஷிலோ வரும்.

"மம்மி, மேகாலயா கா கேபிடல்?"

"ஷில்லாங்."

"வெரி குட். அப் ஸோ ஜாவோ."

"தூங்கறதா? இன்னும் ஆறு பத்தி தேசியச் சின்னம் இருக்குடி!"

பிற்பாடு ஒரு மனிதர்கூட என்னிடம் ஷில்லாங்கைக் கேட்கவில்லை. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

மொழியில்தான் பிடிவாதம் பிடித்தேன். மனு வாங்கிய குமாஸ்தா, "இந்தி என்று போடுங்கள், இல்லை தெலுங்கு என்று போடுங்கள். வேலை சுலபம். தமிழ் போட்டால் சரிபார்க்க இங்கே ஆளில்லை" என்றார். இந்தியும் எனக்கு வரும். சந்தையில் பேரம் பேசும் தெலுங்கும் வரும். ஆனால் பினாங்கில் பிறந்த என்னை ஹைதராபாத் வரைக்கும் கொண்டுவந்து சேர்த்த மொழி எது? கல்யாணப் பேச்சு நடந்தது எதில்? "அரசியல் சட்டத்தின் மொழி அட்டவணையில் தமிழ் இருக்கிறதா இல்லையா?" என்று கேட்டேன். இருக்கிறது என்றார். "அப்போது தமிழ்தான்" என்றேன். எனக்கு வாய் கொஞ்சம் நீளம்.

புகைப்படம் போட்ட விளம்பரம்

அதன் பிறகு அறிவிப்பு. இது பலருக்குத் தெரியாது. உள்ளூர்ப் பத்திரிகையில் நம் பெயர், விலாசம் எல்லாம் போட்டு, இன்னார் குடியுரிமை கேட்கிறார், தரக்கூடாது என்பதற்குக் காரணம் அறிந்தவர்கள் அரசுக்குக் கையெழுத்திட்டு எழுதலாம் என்று நாமே காசு கொடுத்து விளம்பரம் செய்ய வேண்டும். உலகத்தில் எவளாவது தன்னைப் பற்றிக் கோள் சொல்லச் சொல்லித் தானே விளம்பரம் கொடுப்பாளா?

விளம்பரம் வாங்குகிற பையன் என் கடவுச்சீட்டைப் பார்த்தான். அதில் 'பாக்கியம் ஏ/பி முனுசாமி' என்று இருக்கும். ஏ/பி என்றால் மலாய் மொழியில் இன்னாருடைய மகள் என்று அர்த்தம். அவன், "ஏ.பி. எதற்கு மேடம்? ஆந்திரப் பிரதேசம் என்று கடைசியில் விலாசத்தில் வருகிறதே" என்று அதைக் கோடு போட்டு அடிக்கப் போனான். "டேய், அது எங்கப்பாவுக்கு மகள்டா, ஆந்திரா இல்லை!" என்று கத்திவிட்டேன். பக்கத்தில் காணாமல் போன சான்றிதழுக்கு விளம்பரம் கொடுக்க வந்தவர் சிரித்த சிரிப்பில் என் கோபம் போய்விட்டது.

கூடவே படமும் போட்டால் நன்றாக இருக்கும் என்று அந்தப் பையன்தான் ஆசை காட்டினான். ஸ்டுடியோ படம் இருக்கவே இருக்கிறது, கொடுத்தேன். விளம்பரம் வந்த காலையில் எங்கள் சந்தே வாசலில் நின்றது. பேப்பரில் பெண்பிள்ளை படம் வந்தால் நீத்தார் நினைவுதானே? பின்தெருவிலிருந்து ஒரு அம்மாள் மாலையோடு வந்துவிட்டார். நானே கதவைத் திறந்து, "பசியாறிட்டீங்களா? உள்ளே வாங்க" என்றதும் அவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே.

அன்று முழுக்கச் சிரித்தோம். சிரிப்பு அடங்கிய பிறகு எதிர்வீட்டுக் கல்யாணி அக்கா மட்டும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு விளம்பரத்தை எழுத்தெழுத்தாகப் படித்தார். வெள்ளைக்காரன் காலத்தில் செகந்திராபாத்துக்கு வந்த தமிழ்க் குடும்பம். அக்கா ரயில்வே அலுவலகத்தில் குமாஸ்தா. படித்து முடித்ததும் பேப்பரை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு ஆபீஸ் போனார். நான் அதைக் கவனித்தேன், கண்டுகொள்ளவில்லை.

மெட்டுகுடா பஸ்

இப்போது அந்தக் கொழுத்த கோப்பு நாளுக்கு வருகிறேன். அலுவலகத்திலிருந்து பஸ் ஏறியவள் டிக்கெட் எடுக்கக்கூட மறந்துவிட்டேன். ஒவ்வொரு முகமாக நினைத்துப் பார்த்தேன். கோடி வீட்டுக்காரியா? அவள் அக்காள் மகள் கல்யாணத்துக்கு ஊதா லைனிங் கேட்டாள், நான் நீலம் வைத்துவிட்டேன். பின்தெரு அம்மாளா? மாலை வீணானதே என்ற கோபமா? குழாயடியில் நான் யாரை என்ன சொன்னேன்?

இத்தனை வருடம் இவர்கள் கழுத்தளவும் கையளவும் மனப்பாடமாக வைத்திருந்தேன். இவர்கள் மனசு மட்டும் தெரியாமல் போய்விட்டதே என்று நினைத்தபோது, கண்டக்டர் முன்னாலேயே அழுதுவிட்டேன்.

வீட்டுக்குக்கூடப் போகவில்லை. நேராகக் கல்யாணி அக்கா வாசலுக்குப் போனேன். அக்கா ஆபீஸ் சேலையோடு கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"அக்கா, நேராக் கேக்கறேன், நேராச் சொல்லுங்க. என்னைப் பத்தி கவர்ன்மெண்டுக்கு எழுதினீங்களா?"

"ஹவ், ஆமா, எழுதினேன்" என்றார், தலையைக்கூடத் தூக்காமல். "நான் மட்டுமா? மொத்தச் சந்துக்காரங்களையும் உக்கார வெச்சு எழுத வெச்சேன். எங்க ஆபீஸ்ல தமிழாளுங்க எல்லார்கிட்டயும் வாங்கினேன். தமிழ் மறந்தவங்களுக்கு நானே எழுதிக் கொடுத்துக் கையெழுத்து வாங்கினேன். கைக்கு, எதுக்கு அழுவுறே?"

"என்ன எழுதினீங்க?"

"வேற என்னா எழுதுவாங்க? எங்களுக்கு ஆட்சேபணை இல்லைன்னு எழுதினோம்."

நான் அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டேன்.

ரயில்வேக்காரர்களைத் தெரிந்தவர்களுக்கு இது புரியும். பாஸ்போர்ட் எடுக்க ஆட்சேபணை இல்லைச் சான்று, கடன் வாங்க ஆட்சேபணை இல்லைச் சான்று, மாமனார் ஊருக்கு மாற்றல் கேட்கவும் அதே சான்று. ஆட்சேபணை இல்லை என்று எழுத்தில் வராவிட்டால் எந்தக் காகிதமும் நகராது என்று ஊறிப்போன மனிதர்கள். ஆட்சேபணை இருந்தால் எழுது என்று அரசாங்கம் கேட்டிருக்கிறது. இல்லாவிட்டால் இல்லை என்று எழுத வேண்டாமா? பதிலே போடாமல் இருந்தால் என் மனு கிடப்பில் போய்விடும் என்று பயந்துபோய், கல்யாணி அக்கா ஊரையே திரட்டி எனக்குச் சான்று வாங்கிக் கொடுத்திருக்கிறார்.

அழுவதா சிரிப்பதா? ஒரு கை கீரையை எடுத்து அவர் மேலேயே வீசினேன். "அத்தனையும் ஆட்சேபணைக் கோப்புல போய்ச் சேர்ந்திருக்கு அக்கா! தமிழ்ல இருக்கறதால அங்க ஒருத்தராலயும் படிக்க முடியல. ஒவ்வொருத்தரையும் விசாரிச்சாத்தான் என் மனு நகருமாம். என் விசா அதுக்குள்ள முடிஞ்சா நான் போக வேண்டியதுதான்."

அக்காவின் முகம் வெளுத்துவிட்டது. கையிலிருந்த கீரையைக் கீழே வைத்தார். பிறகு, "விசாரிக்கணும்னா விசாரிக்கட்டும்" என்றார். "நாங்க வர்றோம்."

விசாரணை

சொன்னபடி வந்தார்கள். அதிகாரி குறித்த நாளில் மெட்டுகுடாவிலிருந்து ஒரு பஸ்ஸின் முன்பாதி முழுவதும் எங்கள் ஆட்கள். ஆண்கள் லீவு போட்டிருந்தார்கள். பெண்கள் கல்யாணத்துக்குக் கட்டுகிற பட்டில் வந்திருந்தார்கள். பார்க்கிறேன், எல்லாம் நான் தைத்த ஜாக்கெட். கோடி வீட்டுக்காரி அந்த நீல லைனிங் ஜாக்கெட்டையே போட்டுக்கொண்டு வந்திருந்தாள். என்னைப் பார்த்து முந்தானையை விலக்கி அதைக் காட்டிவிட்டு வேறு போனாள்.

வராந்தா நிறைந்துவிட்டது. பியூன் போராட்டம் என்று நினைத்துக் கதவைச் சாத்தப் பார்த்தார்.

அதிகாரி ஒவ்வொருவராகக் கூப்பிட்டார். அவரவர் கடிதத்தைக் கையில் கொடுத்து இந்தியில் சொல்லச் சொன்னார். "ஆட்சேபணை உண்டா?" என்பார். "நை சாப், இல்லை" என்பார்கள். அடுத்தவர். "நை." அடுத்தவர். "பில்குல் நை." அவர் முகத்தில் முதலில் எரிச்சல் இருந்தது. போகப் போக அது என்னவோ ஆகிவிட்டது. மீசைக்குக் கீழே உதட்டைக் கடித்துக்கொண்டு எழுதினார்.

கல்யாணி அக்கா கடைசி. அவர் கடிதம் மட்டும் இரண்டு பக்கம். மனச்சாட்சிக்காரர், எதையும் மறைத்து எழுதமாட்டார். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இந்தியில் வாசித்தார்: இவள் நல்லவள், யார் வீட்டில் நோய் என்றாலும் முதலில் வருவாள், ஆனால் சொன்ன தேதிக்கு ஜாக்கெட் கொடுக்கமாட்டாள், தீபாவளிக்குக் கொடுத்த துணி பொங்கலுக்குத்தான் வரும், வாயும் அதிகம், மற்றபடி ஆட்சேபணை இல்லை.

நான் கண்ணை மூடிக்கொண்டேன்.

அதிகாரி பேனாவை நிறுத்தினார். "இது ஆட்சேபணைதானே அம்மா?"

"ஐயே, இல்ல சாப்" என்றார் அக்கா. "புகார் வேற, ஆட்சேபணை வேற. நான் இவமேல தினம் புகார் சொல்வேன். அதுக்கு இவ எதிர்வீட்டுல இருக்கணும்ல? இவள மலேசியாவுக்கு அனுப்பிட்டா நான் யாரைத் திட்டுறது?"

சொல்லும்போது சிரிப்பாகத்தான் ஆரம்பித்தார். கடைசி வார்த்தை வரும்போது குரல் உடைந்துவிட்டது. கண்ணாடியைக் கழற்றி முந்தானையால் துடைத்தார். நானும் அக்காவும் ஒருவரை ஒருவர் பார்க்காமல் நின்றோம்.

அதிகாரி கோப்பின் மேலட்டையில் 'ஆட்சேபணைகள்' என்று எழுதியிருந்ததை ஒரு கோடு போட்டு அடித்தார். அதன் பக்கத்தில் 'நன்னடத்தைச் சான்றுகள்' என்று எழுதினார். "சட்டம் இரண்டு பேர்தான் கேட்கிறது" என்றார் என்னிடம். "நீங்கள் பஸ்ஸே கொண்டுவந்துவிட்டீர்கள்."

சிவப்புக் கடவுச்சீட்டு

அதற்குப் பிறகும் மாதங்கள் ஓடின. டில்லியிலிருந்து சம்மதம் வந்தது. விசா முடிவதற்குள் வந்ததே என்று ரேவதி என்னைத் தூக்கிச் சுற்றினாள். பிறகு மலேசியக் கடவுச்சீட்டைக் கொடுக்க வேண்டிய நாள். முதலில் எடுத்தபோது அதில் என் பதினெட்டு வயதுப் படம் இருந்தது, புதுப்பித்தபோது மாறிப் போனது. அந்த நாடு எனக்கு ஒரு குறையும் வைக்கவில்லை. கொடுக்கும்போது அதன் அட்டையை ஒரு தடவை தடவிவிட்டுக் கொடுத்தேன். வலிக்கத்தான் செய்தது.

உறுதிமொழியின்போது குரல் நடுங்கும் என்று பயந்தேன். நடுங்கவில்லை. இந்திய அரசியல் சட்டத்துக்கு உண்மையாக இருப்பேன் என்று நான் சொன்ன சத்தத்தில் பக்கத்து அறை டைப்ரைட்டர் நின்றுபோயிற்று. இங்கே பிறந்தவர்கள் இதையெல்லாம் வாய்விட்டுச் சொன்னதில்லை. நான் சொல்லியிருக்கிறேன். அந்தப் பெருமையை யாருக்கும் விட்டுக்கொடுக்க மாட்டேன்.

திருமுல்கேரி

அதற்குப் பின் ஒரு வருடம் இருக்கும். ஒரு ஞாயிற்றுக்கிழமை கல்யாணி அக்கா பேப்பரும் கையுமாக ஓடிவந்தார்.

"பாக்கி, இங்க பாரு. உன்ன மாதிரியே ஒருத்தி!"

அதே அறிவிப்பு. ஒரு பெண்ணின் பெயர். படிக்கவே நாக்கு சுழன்றது. எந்த நாடு என்று தெரியவில்லை. செகந்திராபாத்திலேயே திருமுல்கேரி விலாசம்.

"எழுதலாமா?" என்றார் அக்கா. கையில் பேனா வேறு.

"நக்கோ அக்கா! எழுதவே எழுதாதீங்க. பாவம், அவ கோப்பு கொழுத்துடும்."

"அப்ப நமக்கு ஆட்சேபணை இல்லைன்னு அவளுக்கு எப்படித் தெரியும்?"

என் அறிவிப்பு வந்த நாளிலிருந்து நான் எப்படி இருந்தேன் என்று எனக்குத்தானே தெரியும்? தபால்காரர் சைக்கிள் மணி அடித்தால் மிஷினை நிறுத்திவிடுவேன். யார் வீட்டுக் கதவு தட்டினாலும் நம் கதவோ என்று இருக்கும்.

முதல் நாள் கிண்டிய மைசூர்பாகு டப்பாவில் இருந்தது. எடுத்துக்கொண்டு ஆட்டோ பிடித்தோம். பழைய காலனி, மாடிப்படி ஏறி இடது பக்கம். மணி அடித்தேன். சங்கிலி போட்டபடியே கதவு கொஞ்சம் திறந்தது. இடுக்கில் ஒரு கண், பாதி முகம், அதில் அப்பட்டமான பயம்.

"யார் நீங்கள்?" தட்டுத்தடுமாறிய இந்தி.

வருகிற வழியெல்லாம் என்னென்னவோ யோசித்து வைத்திருந்தேன். எல்லாம் மறந்துவிட்டது. மைசூர்பாகு டப்பாவை அவளுக்குத் தெரிகிறாற்போல உயர்த்திப் பிடித்தேன்.

"நாங்கள் இந்தியர்கள்" என்றேன். "பேப்பரில் பார்த்தோம். எங்களுக்கு ஆட்சேபணை இல்லை. அதைச் சொல்லத்தான் வந்தோம்."

அவள் என்னைப் பார்த்தாள், அக்காவைப் பார்த்தாள், டப்பாவைப் பார்த்தாள். கதவு மூடியது. உள்ளே சங்கிலி கழலும் சத்தம் கேட்டது. கல்யாணி அக்கா அதற்குள் செருப்பைக் கழற்றிவிட்டிருந்தார்.